இணைச்சீரில் சொன்ன வார்த்தை

அன்றைக்கு மணமேடையில் இருந்தவர்கள் யார் யார் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். பின்னால் ஆளுக்கொரு கதை சொல்கிறார்கள், மேடையிலேயே இல்லாதவர்கள்கூட எல்லாவற்றையும் பக்கத்தில் நின்று பார்த்த மாதிரி பேசுகிறார்கள். மாப்பிள்ளை கோகுல், என் அண்ணன் மகன். அவன் அப்பா துரைசாமி, என்னோடு கூடப் பிறந்த ஒரே அண்ணன். அண்ணி வசந்தாமணி. கல்யாணத்தை நடத்தி வைக்கிற அருமைக்காரர், அவருடைய சம்சாரம். மங்கலவாழ்த்துப் பாட வந்த பெரியவர். போட்டோக்காரர்கள் மூன்று பேர், அதில் ஒருவன் செருப்போடு நின்றான். பங்காளி வீட்டுப் பெண் நந்தினி, காலேஜில் படிக்கிறவள், கையில் தாம்பாளத்தோடு. நான். அப்புறம் அவள், கோகுலின் தங்கச்சி தாரணி. ஆகப் பன்னிரண்டு பேர். கல்யாணப் பெண் இன்னும் மேடைக்கு வரவில்லை. என் மகன் பூபதி கீழே முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தான்.

நீங்கள் கேட்டதில் தப்பில்லை. அண்ணன் மகள் முறைப்பெண்ணாக இருக்கும்போது ஏன் உங்கள் மகனுக்குக் கேரளாவில், கொழிஞ்சாம்பாறைப் பக்கம் பெண் தேடுகிறீர்கள் என்று கேட்கிறீர்கள். பெண் கொடுக்கப் போகிறவர்கள் கேட்கத்தான் வேண்டும். வருகிற வழியில் நம் ஊர் பேக்கரியில் இறங்கி விசாரித்திருப்பீர்கள். அங்கே டீயைவிட என் வீட்டுக் கதைதான் அதிகம் ஓடுகிறது. அவர்கள் சொன்னதை மறந்துவிடுங்கள். நான் சொல்கிறேன்.

எனக்குப் பேச்சு வராது. ஐந்தாவது வரைக்கும்தான் படித்தேன். வீட்டுக்கு ஆள் வந்தால் சமையலறைக்குள் போய்விடுவேன், மாட்டோடுதான் உனக்குப் பேச்சு என்பான் பூபதி. ஆனால் எதையும் எண்ணாமல் செய்ய மாட்டேன், சொல்ல ஆரம்பித்தால் ஒன்றை விட்டு ஒன்றைச் சொல்ல மாட்டேன்.

உங்கள் பக்கம் இணைச்சீர் உண்டா? இல்லையா? சரி. எங்கள் பக்கம் மாப்பிள்ளை தாலி கட்டுவதற்கு முன்னால் கூடப் பிறந்தவள் அவன் பக்கத்தில் நிற்க வேண்டும். கல்யாணப் பெண் மாதிரியே பட்டு, நகை, தலை நிறையப் பூ. தலையில் மூங்கில் பேழை. கல்யாணப் பெண்ணுக்குப் போகப்போகிற கூறைச் சேலையை நீளவாட்டில் கொசுவி ஒரு முனையை மாப்பிள்ளை கையில் கொடுப்பார்கள், மறுமுனையை இவள் இடுப்பில் செருகுவார்கள். பெண்டாட்டி வரப்போகிறாள், வந்த பிறகு இவளை மறந்துவிடாதே, இவளும் உனக்கு ஒரு பாதி என்று ஊருக்கு முன்னால் காட்டுவது. கூடப் பிறந்தவள் இல்லாதவனுக்குப் பங்காளி வீட்டுப் பெண்ணை நிறுத்துவார்கள். ஆள் இல்லாமல் கல்யாணம் நடக்காது.

எங்கள் குடும்பத்தில் இதற்கு மேல் ஒன்று உண்டு. மற்ற வீடுகளில் இருக்கிறதோ இல்லையோ, எங்கள் வீட்டில் உண்டு. சேலை முனையைப் பிடித்துக்கொண்டு இரண்டு பேரும் வார்த்தை கொடுக்க வேண்டும். எனக்குப் பெண் பிறந்தால் உன் மகனுக்கு என்று அண்ணன் சொல்ல வேண்டும். எனக்குப் பெண் பிறந்தால் உன் மகனுக்கு என்று தங்கச்சி சொல்ல வேண்டும். மூன்று முறை. ஒரு முறை சொன்னால் வாய் தவறி வந்தது எனலாம், மூன்று முறை யாருக்கும் வாய் தவறாது.

என் அண்ணனுக்கு நான்தான் நின்றேன். அப்போது பூபதி கைக்குழந்தை. கீழே என் மாமியார் மடியில் கிடந்து பாலுக்குக் கத்துகிறான். மேடையில் எனக்கு ரவிக்கை நனைகிறது. தலையில் பேழை. நான் அசையவில்லை. அருமைக்காரர், இப்போது இருப்பவரின் அப்பா, "சொல்லு துரைசாமி" என்றார். "எனக்குப் பொண்ணு பொறந்தா உன்ற பையனுக்குத்தான் அம்மிணி" என்றான் அண்ணன். அவன் சொல்லி முடித்த பிறகுதான் கீழே இறங்கிப் போய்ப் பால் கொடுத்தேன். பூபதியின் காதில், "உனக்குப் பொண்டாட்டி நிச்சயம் ஆயிருச்சுடா" என்றேன். சிரிக்காதீர்கள். அன்றைக்கு எல்லோரும் சந்தோஷமாகத்தான் சிரித்தார்கள்.

முதலில் கோகுல் பிறந்தான். பிறகு அவள். ஆஸ்பத்திரிக்கு முதலில் ஓடியது நான்தான். துணியை விலக்கிப் பார்த்து, "என்ற மருமவ" என்றேன். அண்ணி சிரித்தாள். இப்போது கேட்டால், நான் சிரிக்கவில்லை, பிரசவ வலியில் வாய் கோணியது என்கிறாள். அவள் வாய் எனக்குத் தெரியாதா?

பள்ளிக்கூட லீவு விட்டால் தாரணி இங்கேதான். பூபதிதான் அவளுக்கு டிவிஎஸ் ஓட்டக் கற்றுக் கொடுத்தான். தோப்பில் தென்னை மரத்தில் ஏறினாள், நான் கீழே நின்று கத்தினேன், அவன் கீழே நின்று சிரித்தான். அவளுக்கென்று தனித் தட்டு வைத்திருந்தேன், வேறு யாருக்கும் அதில் போட மாட்டேன். வந்தவர் போனவரிடம் எல்லாம், "எங்க வீட்டுக்கு வரப்போற புள்ள" என்றுதான் சொன்னேன். ஒளித்து ஒன்றும் சொல்லவில்லை. அவள் காதுபடத்தான் சொன்னேன். அப்போதெல்லாம் அவள் வாயைத் திறக்கவில்லையே. பத்து வயதில் பேசத் தெரியாதா?

அப்புறம் படிப்பு. இன்ஜினியரிங். சரி, இந்தக் காலத்தில் படிக்காத பெண்ணை யார் மதிக்கிறார்கள், படிக்கட்டும் என்று நானும்தான் சொன்னேன். ஆனால் படித்துவிட்டு என்ன வேலைக்குப் போனாள் தெரியுமா? காற்றாலைக்கு. உடுமலை ரோட்டில் வரும்போது பார்த்திருப்பீர்கள், வெள்ளை வெள்ளையாகச் சுற்றிக்கொண்டு நிற்கிறதே, அதன் மேலே ஏறுகிற வேலை. ஆபீசில் உட்காருகிற வேலை இருக்கிறதாம், இவள் அதை வேண்டாம் என்றாளாம். தலையில் தொப்பி, இடுப்பில் பெல்ட், முதுகில் கயிறு, பேன்ட். அடிவயிற்றில் பெல்ட் இறுக்கினால் நாளைக்குப் பிள்ளை எப்படி நிற்கும்? கேட்டேன். டாக்டரம்மாவையே கேட்டுவிட்டேன், ஒன்றும் ஆகாது என்கிறார்கள் அவர்களும். எல்லோரும் ஒரே கட்சி.

ஒரு மாரியம்மன் நோம்பிக்கு வந்தவள் சொல்கிறாள், "அத்தை, மேல ஏறிப் பாத்தா உங்க மாட்டுக் கொட்டாய் தெரியுதுங்க. பூபதி மாமா பால் கறக்கறது, நீங்க அவரைத் திட்டறது, எல்லாம் தெரியுது."

"திட்டறது எப்படிடி தெரியும், காதா இருக்கு அங்க?"

"கையை ஆட்டறது தெரியுமுங்க. அது போதாதா?"

பூபதி விழுந்து விழுந்து சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. குடும்பத்துக்கு வரப்போகிறவள் அவ்வளவு உயரத்தில் நின்று கொண்டு என் வாசலைப் பார்ப்பது எனக்குப் பிடிக்கவில்லை.

கோகுலுக்குப் பெண் பார்க்க ஆரம்பித்தார்கள். நான் அண்ணனிடம் போய், முதலில் பெண்ணைக் கொடுத்துவிட்டுப் பையனுக்குப் பார் என்றேன். "பாக்கலாம் அம்மிணி" என்றான். அவன் பேசுகிற பேச்சே அவ்வளவுதான். மழை வருமா என்று கேட்டாலும் பாக்கலாம் என்பான். அந்த வாரமே அவள் வந்தாள். நேராகக் கொட்டாய்க்கு வந்தாள். நான் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தேன்.

"அத்தை, ஒண்ணு சொல்லோணும். கோவிச்சுக்கக் கூடாதுங்க."

"சொல்லு கண்ணு."

"பூபதி மாமாவை நான் கட்டிக்க மாட்டனுங்க."

"எவனாச்சும் இருக்கானா?"

"யாருமில்லீங்க."

"குடிக்கறானா அவன்? அடிப்பான்னு நெனைக்கறியா?"

"அய்யோ, அவரு தங்கமானவருங்க. அவரு எனக்கு மாமாவாவே இருக்கட்டுங்க."

அவள் அழுதாள். நான் அழவில்லை. எவனாவது ஒருவன் இருந்திருந்தால் எனக்கு நல்லதாகப் போயிருக்கும். அவனைத் திட்டியிருப்பேன், அவன் எந்தச் சாதி என்று கேட்டிருப்பேன், ஊரும் என் பக்கம் நின்றிருக்கும். ஒருவனும் இல்லாமல் ஒரு பெண் மாட்டேன் என்றால் யாரைத் திட்டுவது? சொல்லுங்கள்.

நானும் மாமன் மகனுக்குத்தான் வாழ்க்கைப்பட்டேன். என்னைக் கேட்டுக் கொடுக்கவில்லை. அவர் இருந்த வரைக்கும் என்னோடு பேசியது, தண்ணி, சோறு, துண்டு, இவ்வளவுதான். ஒரு நாள் என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டார், பாம்பு வந்த அன்றைக்கு. அதனால் என்ன? வீடு நின்றதா இல்லையா? நிலம் நின்றதா இல்லையா?

பூபதியைக் கேட்டீர்களா என்கிறீர்கள். அவனை எதற்குக் கேட்பது? மடியில் கிடந்து அழுத குழந்தையை அன்றைக்கு யார் கேட்டார்கள்? அவள் வந்துவிட்டுப் போனதைச் சொன்னேன். "விடும்மா" என்றான். அவ்வளவு வலி அவனுக்கு. வாய்விட்டுச் சொல்ல முடியாத வலி. அன்றைக்கு இரண்டு சொம்பு மோர் குடித்துவிட்டு நன்றாகத் தூங்கினான், பாவம், மனசு விட்டுப் போனால் அப்படித்தான் தூக்கம் வரும்.

இதற்கப்புறம் கோகுலுக்குத் திருப்பூரில் பெண் அமைந்தது. பனியன் கம்பெனிக்காரர்கள். தேதி குறித்தாகிவிட்டது. இணைச்சீருக்கு யார் நிற்பது? அண்ணன் வீட்டில் யாரும் இதைப் பற்றிப் பேசவே இல்லை, தாரணிதானே என்று இருந்துவிட்டார்கள். நான்தான் கேட்டேன். வார்த்தையை முறித்தவள் எப்படி வார்த்தை கொடுக்க நிற்பாள்?

"வார்த்தை குடுத்தது நானு, அவ இல்லையே அம்மிணி" என்றான் அண்ணன்.

"அப்ப முறிச்சது நீயா?"

"பாக்கலாம்" என்றான்.

அவளேதான் என் முன்னால் வந்து நின்றாள். அந்த ஒரு விஷயத்தில் அவளுக்கு அவ்வளவு ஆசை. எனக்குத் தெரியும், சின்னப் பிள்ளையில் இருந்தே என் கல்யாணப் போட்டோ ஆல்பத்தை எடுக்க மாட்டாள், அண்ணனுக்கு நான் பேழையோடு நின்ற போட்டோவைத்தான் எடுப்பாள். சோற்றுக் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு கோகுலை ஒரு துண்டால் கட்டி இழுத்துக்கொண்டு வாசலெல்லாம் சுற்றுவாள். "அத்தை, இணைச்சீர் நான்தான் செய்வேன். வேற யாரையும் நிறுத்தாதீங்க. எனக்கிருக்கறது ஒரே அண்ணன்" என்றாள். பட்டு எடுத்தாகிவிட்டது, லீவு போட்டாகிவிட்டது என்றாள்.

"வார்த்தை சொல்லுவியா?"

"அன்னைக்குப் பாத்துக்கலாங்க."

அப்பனுக்கு மகள். எனக்கு அப்போதே தெரிந்திருக்க வேண்டும். ஆனால் நானும் ஒரு கணக்குப் போட்டேன். ஊருக்கு முன்னால், உறம்பரை சொந்தபந்தத்துக்கு முன்னால், மேடையில் நின்று எந்தப் பெண் வேண்டாம் என்பாள்? சொல்லித்தான் ஆக வேண்டும். இவள் வாயால் இந்த வார்த்தையைச் சொல்லிவிட்டால், அப்பன் சொன்ன வார்த்தைக்கும் மரியாதை வந்துவிடும். உன் பெண்ணைக் கொடுக்கிறேன் என்று நீ சொல்கிறாய், உன்னைக் கொடுக்கிறேன் என்று உன் அப்பன் சொல்லியிருக்கிறான், அதற்கு என்ன பதில் என்று அங்கேயே கேட்டுவிடலாம். அதனால் நிற்கட்டும் என்றேன். பேழையைப் பிடிக்க, சேலை முனை அவிழாமல் செருக, நானேதான் முதல் நாள் சொல்லிக் கொடுத்தேன். அவள் ஒரே முறையில் கற்றுக்கொண்டாள். கயிறும் பெல்ட்டும் பழகியவள் அல்லவா.

காலையில் பட்டுக் கட்டிக்கொண்டு வந்தாள். பொய் சொல்ல மாட்டேன், கல்யாணப் பெண்ணைவிட இவள்தான் கண்ணில் நின்றாள். மண்டபம் நிறைந்திருந்தது. அருமைக்காரர் சேலையைக் கொசுவிக் கோகுல் கையில் ஒரு முனையைக் கொடுத்தார். அவர் சம்சாரம் மறுமுனையை இவள் இடுப்பில் செருகினாள். பேழையைத் தலையில் வைத்தார்கள். அவள் கண் நிறைந்திருந்தது. அண்ணி புடவைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள்.

"சொல்லு கோகுலு" என்றார் அருமைக்காரர்.

அவன் சிரித்துக்கொண்டே சொன்னான். "எனக்குப் பொண்ணு பொறந்தா உன்ற பையனுக்குத்தான் புள்ள." மூன்று முறை சொன்னான். மூன்றாவது முறை போட்டோக்காரன் நிறுத்தி, இன்னொரு முறை சொல்லச் சொன்னான். அதை நான் கணக்கில் சேர்க்கவில்லை.

"இப்ப நீ சொல்லு தாயி."

அவள் பேழையை ஒரு கையால் பிடித்துக்கொண்டாள்.

"ஐயா, நான் வேற மாதிரி சொல்லிக்கறனுங்க" என்றாள். அண்ணன்காரன் பக்கம் திரும்பினாள். "அண்ணா, உனக்கு ஒண்ணுன்னா நான் வந்து நிப்பேன். எந்த ஊர்ல இருந்தாலும் வந்து நிப்பேன். எனக்கு ஒண்ணுன்னா நீ வரோணும். இதை மூணு தடவை சொல்லச் சொன்னா மூணு தடவை சொல்றேன். பொறக்காத புள்ளையைக் குடுக்கறேன்னு மட்டும் எனக்குச் சொல்ல வராதுங்க."

பெண் வீட்டுப் பக்கம், கல்யாணப் பெண்ணோடு படித்ததுகள், எட்டுப் பேர் கைதட்டினார்கள். எட்டுப் பேர், நான் எண்ணினேன். இணைச்சீரில் கைதட்டுவார்களா? கச்சேரியா அது?

அருமைக்காரருக்கு எண்பது வயது, அவருக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. "அட, வாயில சொல்றதுதானே அம்மிணி. சும்மா ஒரு பேச்சுக்கு. நாளைக்கு யாரு வந்து புடிக்கப் போறா?"

"அப்படித்தானுங்க எங்கப்பாவும் சொன்னாரு. எங்கத்தை அதை நெசமுன்னு நம்பி இத்தனை வருசமா உக்காந்திருக்காங்க. நம்பறவங்ககிட்ட சும்மா சொல்லக்கூடாதுங்க."

கேட்டீர்களா? மண்டபத்துக்கு முன்னால் என்னை ஏமாளி என்று சொல்லிவிட்டாள். மைக் வேறு பக்கத்தில் இருந்தது. பந்தி பரிமாறுகிறவன்கூட வாளியோடு நின்று பார்த்தான். இத்தனை வருசம் எனக்கு யாரும் ஒரு பதில் சொன்னதில்லை, இவள் சொன்ன பதில் இது.

அண்ணனைப் பார்த்தேன். அவன் மேடைக் கம்பளத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

நான் கூட்டத்துக்கு முன்னால் நடந்தவள் இல்லை. என் மகன் காது குத்துக்கே மேடைக்குப் பின்னால் நின்றவள். அன்றைக்கு நடந்தேன். நேராகப் போய் அவள் இடுப்பில் இருந்த சேலை முனையைப் பிடித்து இழுத்தேன். வரவில்லை. நான் சொல்லிக் கொடுத்த செருகல், வருமா? இரண்டு கையாலும் இழுத்தேன். வந்தது. அவள் கட்டியிருந்த பட்டும் சேர்ந்து கலைந்தது.

"அத்தை, விடுங்க" என்றான் கோகுல். அவன் குரல் அவனுக்கே கேட்டிருக்காது.

பேழையை எடுக்கப் போனேன். அவள் விடவில்லை. தலையில் வைத்தபடியே இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"அத்தை, அத்தை, இது மட்டும் இருக்கட்டுங்க. நான் சும்மா நிக்கறனுங்க. ஒண்ணும் பேச மாட்டேன். நந்தினி சொல்லட்டும், நான் பக்கத்துல பேழை மட்டும் புடிச்சுட்டு நிக்கறேன். எங்கண்ணன் கல்யாணமுங்க."

கெஞ்சினாள். அவ்வளவு உயரம் ஏறுகிறவள், என் முகத்துக்கு நேராகக் கெஞ்சினாள். அப்போது விட்டிருந்தால் என்னை யார் மதிப்பார்கள்? அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தேன். சிரமமாகத்தான் இருந்தது, காய்ப்பு ஏறின கை. பேழையை வாங்கி, "நந்தினி, வா இங்க" என்றேன்.

நந்தினி வந்து நின்றாள். வார்த்தையை மூன்று முறையும் ஒரே மூச்சில் சொன்னாள். கேமராவைப் பார்த்துச் சொல்லவா, அண்ணனைப் பார்த்துச் சொல்லவா என்று நடுவில் கேட்டாள். அதனால் என்ன, வார்த்தை சொல்லியாகிவிட்டது. அவள் இப்போது கனடாவில் படிக்கப் போயிருக்கிறாள், அங்கேயே எவனையோ பார்த்துக்கொண்டதாகக் கேள்வி. அது அவர்கள் வீட்டு விஷயம்.

தாரணி பட்டை அள்ளிப் பிடித்துக்கொண்டு மேடையை விட்டு இறங்கினாள். பூபதி எழுந்து வந்தான். இப்போது நியாயம் கேட்பான், நாலு வார்த்தை கேட்கட்டும் என்று நினைத்தேன். அவன் படிக்கட்டுக்குக் கீழே குவிந்து கிடந்த செருப்புகளில் அவளுடையதைத் தேடி எடுத்து முன்னால் வைத்தான். "வா தாரணி, நான் கொண்டுபோய் விடறேன்" என்றான். என் காரில்தான் போனார்கள். அவன் பந்திக்கு வரவில்லை. அவ்வளவு அவமானம் என் பிள்ளைக்கு, அவன் சோறுகூடச் சாப்பிடவில்லை.

திரும்பி வந்ததும் கேட்டேன். "என்னடா பேசினே அவகிட்ட?"

"மன்னிப்புக் கேட்டேன். நானே முன்னாடி சொல்லியிருக்கோணும்மா."

"என்னத்தை?"

"எனக்கும் வேண்டாமுன்னு."

பார்த்தீர்களா ரோஷத்தை! அவள் மாட்டேன் என்பதற்கு முன்னால் இவன் மாட்டேன் என்றிருந்தால் நம் கௌரவம் மிஞ்சியிருக்கும். அதைத்தான் சொல்கிறான். பிள்ளைக்கு எவ்வளவு யோசனை பாருங்கள்.

அதற்கப்புறம் அண்ணன் இந்த வீட்டு வாசலை மிதிக்கவில்லை. ஆடி நோம்பிக்கு வரவில்லை. பொங்கலுக்குச் சீர் கொண்டு வரவில்லை. கூடப் பிறந்தவளுக்குப் பொங்கச் சீர் கொண்டு வராத அண்ணன் உண்டா? வெட்கம். செய்த தப்புக்கு முகம் காட்ட முடியவில்லை அவனுக்கு. ஒரே ஒரு முறை போனில், "அம்மிணி, நீ அவ கையைப் பிரிச்சதை நான் பாத்துட்டு நின்னேனே" என்றான். பார்த்தாயல்லவா, பிறகு ஏன் தடுக்கவில்லை என்று கேட்டேன். வைத்துவிட்டான்.

அவள் குஜராத்துக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போனாள். அங்கேயும் காற்றாலைக் கம்பம்தான். போகட்டும், நல்லது. போன மாரியம்மன் நோம்பி சமயம் கொட்டாயில் வழுக்கி விழுந்து எனக்குக் கால் முறிந்தது. அண்ணன் வரவில்லை. கோகுல் வரவில்லை. இவள் ஏதோ ரயில் பிடித்து வந்து கட்டில் பக்கத்தில் நிற்கிறாள். யார் சொன்னார்கள் இவளுக்கு என்று தெரியவில்லை, பூபதியைக் கேட்டால் மாட்டைக் கட்டப் போகிறேன் என்று போய்விடுகிறான். தலை சீவிவிட்டாள், கால் பிடித்துவிட்டாள். நான் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டேன். "அத்தை, ஒரு வார்த்தை பேசுங்க" என்றாள். பேசவில்லை. வந்தவளைச் சாப்பிடு என்றுகூட நான் சொல்லவில்லை. எங்கள் பக்கம் அதைவிடப் பெரிய திட்டு கிடையாது. அவளுக்கும் அது தெரியும். பசியோடுதான் போனாள். பஸ் ஏற்றிவிடப் போன பூபதி ஏதாவது வாங்கிக் கொடுத்திருப்பான், அவனுக்கு இளகின மனசு.

இதுதான் நடந்தது. இப்போது உங்கள் விஷயத்துக்கு வருகிறேன்.

உங்கள் பெண் ஆஸ்பத்திரி லேப்பில் வேலை என்று தரகர் சொன்னார். வேலை வேண்டியதில்லை. இங்கே மாடு இருக்கிறது, தோப்பு இருக்கிறது, நான் இருக்கிறேன். அப்புறம் தரகர் உங்கள் சாதியைப் பற்றி ஏதோ சொல்ல வந்தார், நான் பாதியிலேயே நிறுத்தச் சொல்லிவிட்டேன். இங்கே காட்டு வேலை பார்க்கிற பையனுக்கு நம் ஆட்களில் யார் பெண் கொடுக்கிறார்கள்? வருகிற பெண்ணுக்கு வந்த வீட்டுச் சாதிதான். வெளியே போகிற பெண்தான் பார்த்துப் போக வேண்டும். அந்த அளவுக்கு நாங்களும் காலத்தோடு மாறியிருக்கிறோம்.

என்ன சொல்கிறீர்கள்? பூபதியை வாசலிலேயே பார்த்தீர்களா? பார்த்துப் பேசினீர்களா? என்ன சொன்னான்? "எங்கம்மா சொல்றதையெல்லாம் முழுசாக் கேட்டுக்குங்க, அப்பறமா உங்க பொண்ணுகிட்டக் கேட்டு முடிவு பண்ணுங்க" என்றானா? பார்த்தீர்களா, எவ்வளவு மரியாதை தெரிந்தவன். என்னைக் கேட்காமல் ஒரு துரும்பை எடுத்து வைக்க மாட்டான்.

ஒன்றே ஒன்றுதான் பாக்கி. கோகுலுக்குப் போன மாதம் மகன் பிறந்திருக்கிறான். என்னைக் கூப்பிடவில்லை, பரவாயில்லை. பூபதிக்கும் உங்கள் பெண்ணுக்கும் ஒரு பெண் பிறந்தால் அந்தப் பையனுக்கு முறை சரியாக வருகிறது. நான் யோசித்துப் பார்த்துவிட்டேன், எந்த வழியில் பார்த்தாலும் முறைதான். அண்ணன் குடும்பத்தோடு விட்டுப் போனது அதோடு ஒட்டிவிடும். என் அண்ணன் என் வாசலுக்கு வந்துதானே ஆக வேண்டும்? அதனால் பெண்ணைப் பெற்றவர்கள் சார்பில் நீங்கள் இப்போதே, இந்த வாசலிலேயே, அந்த வார்த்தையை மட்டும் கொடுத்துவிட்டால்...

ஏன் எழுந்துவிட்டீர்கள்? நேரமாகிறதா? கடைசி பஸ் பொழுது சாய்ந்துதானே? இப்போதுதான் மூன்று மணி. அக்கா ஏன் ஒன்றும் பேசாமல் செருப்பைத் தேடுகிறார்கள்? பூபதி கொண்டுவந்து விடுவான், இருங்கள். பெண்ணிடம் கேட்டுச் சொல்கிறோம் என்றால் என்ன அர்த்தம்? பெண்ணிடம் கேட்பதற்கு என்ன இருக்கிறது? சரி, போங்கள். பார்க்கலாம் என்று சொல்லாதவரைக்கும் சரி.

நில்லுங்கள், கச்சாயமாவது பொட்டலம் கட்டித் தருகிறேன். பதினொரு பேர் வருவார்கள் என்று தரகர் சொன்னார், நீங்கள் இரண்டு பேர் வந்தீர்கள். ஆளுக்கு இரண்டு என்று இருபத்திரண்டு, தரகருக்கு இரண்டு, பூபதிக்கு இரண்டு. எனக்கு வைத்துக்கொள்ளவில்லை, இனிப்பு ஆகாது. இருபத்தாறு சுட்டேன். நீங்கள் ஒன்று எடுத்தீர்கள். அக்கா தொடவே இல்லை. தரகர் உள்ளே வரவில்லை, பூபதி வேண்டாம் என்று போய்விட்டான்.

பொட்டலமும் வேண்டாமா? சரி. கேட்டைச் சாத்திவிட்டுப் போங்கள், கன்றுக்குட்டி வெளியே போய்விடும்.

இருபத்தைந்து இருக்கிறது.